பாதிக்குப் பாதி மாமா

மேசையின் நீளத்தை அங்குல நாடாவால் அளந்து, நடுவில் சுண்ணக்கட்டியால் ஒரு புள்ளி வைத்து, அந்தப் புள்ளிக்கு நேராகத் தன் நாற்காலியை நகர்த்திக்கொண்டிருக்கிறார் என் மாமனார். இந்தப் பக்கம் கட்டடத்தின் சொந்தக்காரர் உட்காருவார், அந்தப் பக்கம் வாடகைக்குக் கடை நடத்துகிறவர். இருவருக்கும் ஒரே உயர நாற்காலி, ஒரே அளவு தண்ணீர். மின்விசிறி தலையை ஆட்டும்போது எந்தப் பக்கமாவது கூடுதலாக நின்றுவிடுகிறதா என்றும் பார்ப்பார். "காத்துல கூட நியாயம் இருக்கணும் மாப்ளே" என்பார். காற்று வரைக்கும் அவர் நியாயத்தில் நான் குறையே சொல்ல மாட்டேன்.

கடை வாடகை ஒப்பந்தங்களின் கடைசிப் பக்கத்தில், யாரும் படிக்காத இடத்தில், ஒரு வரி இருக்கும். தகராறு வந்தால் நீதிமன்றம் போகாமல் ஒரு நடுவரிடம் போக வேண்டும், அவர் சொல்வதே முடிவு. வியாபாரிகள் சங்கம் அந்த நடுவராக மாமாவைத்தான் கைகாட்டும். வக்கீலாக இருந்து ஓய்ந்தவர். எங்கள் வீட்டு முன்கூடம்தான் விசாரணை மன்றம். தீர்ப்பைத் தட்டச்சு செய்ய மருமகன் இருக்கிறேன், மறுபேச்சுப் பேச உரிமையில்லாத உறவு.

மாமாவின் சட்டம் எளிமையானது. இந்தப் பக்கம் கேட்பதையும் அந்தப் பக்கம் கொடுப்பதையும் கூட்டி, இரண்டால் வகுப்பார். "யாரும் முழுசா ஜெயிக்கலன்னா யாரும் முழுசா தோக்கல" என்று அதற்குத் தத்துவமும் வைத்திருக்கிறார். ஒரு மாடிப்படிக்கு உரிமை கேட்டு இரண்டு கடைக்காரர்கள் வந்தபோது, படியின் நடுவே கோடு போடச் சொன்னார். இன்றைக்கும் அங்கே ஆட்கள் ஒருக்களித்துத்தான் ஏறுகிறார்கள். பொதுக் கழிப்பறைச் சாவிக்கு வந்த சண்டையில், காலை தையல்காரருக்கு, மாலை கண்ணாடிக் கடைக்கு என்று தீர்த்துவைத்தார். வயிறு தீர்ப்பைப் படிப்பதில்லை என்பதை அவரிடம் யார் சொல்வது?

விவரம் தெரிந்தவர்கள் இதை எப்போதோ கண்டுகொண்டார்கள். இரண்டு வேண்டுமென்றால் நாலு கேட்பார்கள். ஒன்று தர மனமிருந்தால் ஒன்றுமே தர மாட்டேன் என்பார்கள். மாமா நடுவில் ஒரு கோடு கிழிக்க, நினைத்தது கிடைத்தவர்கள் பறிகொடுத்த முகத்தோடு எழுந்து போவார்கள். "பாத்தீங்களா, ரெண்டு பேருக்குமே திருப்தியில்ல. அதான் நல்ல தீர்ப்பு" என்று மாமா மூக்குக்கண்ணாடியைத் துடைப்பார்.

போன வாரம் வந்தவர் ரொட்டிக்கடை அக்கா. ஒப்பந்தம் முடிந்துவிட்டது, கட்டடக்காரர் கடையைக் காலி செய்யச் சொல்கிறார். அக்கா வேறு இடம் பார்த்துவிட்டார், ஆனால் அங்கே அடுப்பு கட்டி, புகைக்குழாய் ஏற்றி, ஈரம் காய வேண்டும். முன்னதாகவே வந்து சமையலறை வாசலில் நின்றவரிடம் என் மாமியார் விசாரித்ததைக் கை கழுவப் போன நான் கேட்டேன்.

"எவ்ளோ நாள் வேணும் உனக்கு?"

"மூணு மாசம்மா. ஈர அடுப்புல தீ வச்சா வெடிச்சிரும். அதுக்கு நடுவுல கடைய மூடிட்டா, ஆஸ்பத்திரிக்கும் ஹாஸ்டலுக்கும் வேற எவனாவது ரொட்டி போட ஆரம்பிச்சிடுவான். அப்புறம் யாரு என்னைத் தேடப் போறாங்க?"

"அப்ப ஆறு கேளு."

"மூணு போதும்மா."

"மூணு கேட்டா ஒன்றரைதான் வரும். உங்க ஐயாவப் பத்தி எனக்குத் தெரியாதா? ரெண்டு புடவை வேணும்னா நாலுன்னுதான் கேப்பேன். கல்யாணம் ஆன நாள்லேர்ந்து இதே கததான்."

அத்தையை நான் அதுவரை சாதுவான பெண்மணி என்றே நினைத்திருந்தேன்.

விசாரணை தொடங்கியது. "இன்னைக்கே காலி பண்ணணும் சார், ஒரு நாள் கூட முடியாது" என்று கட்டடக்காரர் மேசையைத் தட்டினார். மாமா அக்காவைப் பார்த்தார்.

"நீ சொல்லும்மா."

"ஆறு..." என்று ஆரம்பித்த அக்காவுக்கு வியர்த்துவிட்டது. முந்தானையால் முகத்தைத் துடைத்தார். "ஆறு மாசம்... இல்லீங்கய்யா, எனக்குப் பொய் வராது. புது அடுப்பு காய மூணுதான் வேணும். அம்மாதான் ஆறுன்னு கேக்கச் சொன்னாங்க, நீங்க பாதியாக்கிடுவீங்களாம்."

சமையலறையில் ஒரு கரண்டி விழுந்தது. மாமாவின் முகத்தில் ஈயாடவில்லை. மெதுவாகக் கட்டடக்காரர் பக்கம் திரும்பினார்.

"நீங்களும் யாராவது சொல்லிக்குடுத்துத்தான் இன்னைக்கேன்னு கேக்கறீங்களா?"

கட்டடக்காரர் நெளிந்தார். "எல்லாரும் அப்படித்தானே சார் கேக்கறாங்க? உங்களுக்குத் தெரியும்னு நெனச்சேன்."

மாமாவைக் கேலி செய்தே பழகிய எனக்கு அப்போது சங்கடமாகிவிட்டது. தராசின் முள்ளாகத் தன்னை நினைத்துக்கொண்டிருந்தவர், இத்தனை காலம் ஊரே எடைக்கல்லில் விளையாடியதை ஒரு ரொட்டிக்காரி வாயால் கேட்க நேர்ந்தது. பேனாவைத் திறந்தார். பழக்கதோஷத்தில் 'ஒன்றரை' என்று எழுதினார். அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு அடித்துவிட்டு, 'மூன்று' என்று எழுதித் தாளை என் பக்கம் தள்ளினார்.

"பாதிக்குப் பாதிதானே சார் வழக்கம்?" என்று கட்டடக்காரர் பதறினார்.

"அடுப்பு பாதி காய்ஞ்சா போதுமாய்யா?" என்றார் மாமா. அவர் யாரிடமும் குரல் உயர்த்தி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

அக்கா கும்பிட்டுவிட்டுப் போனார். கட்டடக்காரரும் போனார், அன்றைக்கு உண்மையாகவே பறிகொடுத்த முகத்தோடு. மாமா எழுந்துபோய்ச் சமையலறைக் கதவைப் படாரென்று இழுத்துச் சாத்தினார். திரும்பி வந்து உட்கார்ந்தார். வாசலில் அடுத்த வழக்குக்காரர்கள் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டது. மாமா என்னை ஒருமுறை பார்த்தார், நான் பார்க்காததுபோல் தாள்களை அடுக்கினேன். மறுபடி எழுந்துபோய், உள்ளே அத்தையிடம் பேசுகிற பேச்சு தன் நாற்காலி வரை கேட்கிற அளவுக்குக் கதவைக் கொஞ்சமாகத் திறந்து வைத்தார்.