தரையைப் படம்பிடித்த கேசட்டுகள்

அந்த வீடியோ கேமராவில் பதிவைத் தொடங்கவும் நிறுத்தவும் ஒரே சிவப்புப் பொத்தான்தான். திருவிழா நெரிசலில் ஓர் அழுத்து தவறினால் போதும், எல்லாம் தலைகீழாகிவிடும். தோளில் தூக்கிப் பிடிக்கும்போது கேமரா தூங்கும். இறக்கித் தொங்கவிட்டு நடக்கும்போது விழித்துக்கொண்டு தரையையும் கால்களையும் எடுக்கும். கும்பகோணத்தில் வீடியோ கடை வைத்திருந்த யாரும் இதற்குத் தப்பியதில்லை. அப்படிக் கெட்டுப்போன கேசட்டுகள் என் கடையில் ஓர் அட்டைப்பெட்டி நிறையக் கிடந்தன.

என் மனைவியின் தங்கை கணவர், அதாவது என் சகலை, அந்தக் கடையில்தான் என்னோடு இருந்தார். மாமனார் வீட்டு விருந்தில் மீன்தலை யார் இலைக்குப் போகிறது என்பதிலிருந்தே எங்களுக்குள் போட்டி. போட்டி என்னுடையது, அவர் அதைக் கவனித்ததே இல்லை. வீட்டுக்கு ஒருவர் வெளிநாடு போய்க்கொண்டிருந்த அந்த வருஷங்களில், காரைக்கால் உறவினர் ஒருவர் மூலம் அவரும் பிரான்சுக்குப் போனார். புறப்படும்போது அந்தப் பெட்டியைக் கேட்டார்.

"குப்பைதானே, எடுத்துக்கங்க" என்றேன்.

பல வருஷம் கழித்து, அவர் எடுத்த படம் என்று தஞ்சாவூரில் ஓர் அரங்கில் திரையிட்டார்கள். அவரும் அதற்காக வந்திருந்தார். என் மனைவி என்னை இழுத்துக்கொண்டு போனாள். பக்கத்துக் கிராமத்து மாதா கோயில் திருவிழா. சப்பரம் கண்ணில் படவே இல்லை. திரை முழுக்க நடக்கும் கால்கள், புழுதி, வேட்டி ஓரங்கள். ஒரு தெருமுனையில் கால்கள் நின்றுவிடுகின்றன. எதிரே அந்தத் தெருக்காரர்களின் கால்கள்.

"சப்பரம் இந்தத் தெருவுக்குள்ள வராது."

"ஏன் வராது? மாதா உங்களுக்கு மட்டுந்தானா?"

வெவ்வேறு வருஷத்துக் கேசட்டுகளிலிருந்து அதே கேள்வியை எடுத்து, வெவ்வேறு குரல்களில் அடுத்தடுத்து வைத்திருந்தார். அரங்கில் ஓர் இருமல்கூட இல்லை. எங்கள் கல்யாண வீடியோவைப் பார்த்துக்கூட அழாத என் மனைவி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். எனக்கு வயிறு எரிந்தது. கேமரா என்னுடையது, தோள்வலி என்னுடையது, பேர் மட்டும் அவருக்கா? என் கேசட்டைத் திருடிப் பேர் வாங்கிவிட்டார் என்று நாலு பேர் முன்னால் சொல்லத் தயாராகிவிட்டேன்.

படம் முடிந்ததும் திரையில் முதலில் வந்தது என் பெயர், ஒளிப்பதிவு என்று. சகலை என்னை எழுந்து நிற்கச் சொன்னார். எல்லோரும் கைதட்டினார்கள். சண்டைபோட இருந்த ஒரே வழியையும் மனுஷர் அடைத்துவிட்டார்.

வெளியே காபி குடிக்கும்போது மனசு கேட்கவில்லை. "ஒழுங்கா எடுத்த கேசட்டெல்லாம் கடையில அப்படியே இருக்கு, சகல. கேட்டிருந்தா கொடுத்திருப்பேனே" என்றேன்.

"அதையெல்லாம் அப்பவே பாத்துட்டேண்ணே. அதுல ஒண்ணும் இல்ல. கேமராவப் பாத்ததும் எல்லாரும் சிரிச்சுக்கிட்டு நிக்கிறாங்க."

அவர் என்னைக் குத்திக்காட்டவில்லை. குத்திக்காட்டியிருந்தால் அன்றைக்கு நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.