குரல் மாறிய சமையற்காரி

ஞாயிற்றுக்கிழமை தோறும் வானொலியில் ஒரு குடும்பத்து நகைச்சுவை நாடகம் வரும். தெமோதரைக்கு மேலே தேயிலைத் தோட்டத்தில், எங்கள் லயத்து வரிசை வீடுகளுக்கெல்லாம் ஒரே ஒரு ரேடியோதான், அதுவும் பக்கத்து வீட்டுக் காம்பராவில். பொழுது சாய்ந்ததும் அந்த வாசலில் சாக்கை விரித்துக் குந்திவிடுவோம்.

தொடக்கத்தில் அந்தக் குடும்பம் எங்களைப் போலத்தான் இருந்தது. கொழும்பில் ஒழுகும் வாடகை வீடு, ஒரே குடைக்கு அடித்துக்கொள்ளும் அண்ணன் தம்பி. அவர்களுக்குச் சமைத்துப் போட்டவள் தோட்டத்திலிருந்து போனவள். வாய்க்காரி; எசமானையே மடக்கிவிடுவாள். அவள் பேசினால் அம்மா அக்காவைப் பார்த்துச் சிரிப்பாள். அக்காவுக்கும் அதே வாய், அதே கணீர்க் குரல்.

வருடங்கள் போகப் போக நாடகக் குடும்பத்துக்குக் கார் வந்தது, வெளிநாட்டு மருமகன் வந்தான். எழுதியவர்களுக்குச் சரக்குத் தீர்ந்துவிட்டது போலும், சமையற்காரியின் தோட்டத்துப் பேச்சையே வேடிக்கையாக்கினார்கள். அவள் "வாங்க" என்றாலும் சிரிப்பு, "இருக்குங்க" என்றாலும் சிரிப்பு. எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

இதற்கிடையில் அக்காவின் புருஷன் வீட்டாருக்கு இந்தியப் பாஸ்போர்ட் வந்தது. அதுவரை எங்களோடு கொழுந்து பறித்துக்கொண்டிருந்த அக்காவும் அவர்களோடு கப்பலேறப் போனாள். ரயில் போன பிறகும் அம்மா ஸ்டேசனை விட்டு நகரவில்லை. அந்த ஞாயிறும் ரேடியோ வாசலுக்குப் போனாள்.

"அவ கொரல் மாதிரி அதுதானே இருக்கு," என்றாள்.

அதுவும் நிலைக்கவில்லை. ஒரு வாரம் எசமான் சமையற்காரியைக் கூப்பிட்டார். வேறு யாரோ ஒருத்தி பதில் சொன்னாள். பெயர் மட்டும் பழையது. நாடகத்து வீடு வழக்கம்போலச் சிரித்துக்கொண்டிருந்தது.

"இது அவ இல்ல," என்றாள் அம்மா. "கூட இருந்தவங்களுக்குக் கூடவா கொரல் தெரியாது? வெக்கங்கெட்டவங்க."

கொஞ்ச நாளில் அக்காவின் இடத்துக்கு ஒரு பெண்ணை எடுத்தார்கள். புதிதாக வருகிறவளுக்குப் பேர் பதியும்வரை, போனவள் பேரில்தான் வேலை; எங்கள் தோட்டத்தில் அதுதான் வழக்கம். காலையில் வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்களத்தில் கங்காணி அக்காவின் பெயரைக் கூப்பிட்டார்.

"இருக்கேனுங்க," என்றது மெல்லிய குரல் ஒன்று.

கங்காணி நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. அக்காவோடு ஒரே மலையில் கொழுந்து பறித்தவர்களும் திரும்பிப் பார்க்கவில்லை. அந்தப் பெண் என்ன செய்வாள், பாவம். மற்ற எல்லோரையும் அன்று நான் வெறுத்தேன்.

அம்மா கூடையை மாட்டிக்கொண்டு நடந்தாள். மலையேறும்போது என்னிடம் சொன்னாள்.

"ரேடியோக்காரங்கள சும்மா ஏசிட்டேன்."