என் காதில் விழுந்த குண்டு

குற்றமற்ற ஒருவரைப் போலீசில் காட்டிக்கொடுத்தவன் நான். என் பெயர் வெளியே வரவில்லை. அவர் பெயர் வந்துவிட்டது.

வேறொரு நகரத்துச் சந்தையில் குண்டு வெடித்து ஆட்கள் செத்திருந்த வாரம் அது. செங்கல்பட்டில் எங்கள் தெருக்காரர்களைக் கூட்டி, "சந்தேகம்னா ஒரு போன் பண்ணுங்க. யார் சொன்னாங்கன்னு வெளிய வராது" என்றார் இன்ஸ்பெக்டர்.

என் வீட்டு மாடியில் குடியிருந்தவர் கடப்பாக்கத்து முஸ்லிம். மாமல்லபுரம் வரை கடற்கரைக் குப்பங்களில் மீன்வலைச் சாமான் விற்பவர். மறுநாள் காலை மாடிப்படியில் நின்று போனில் பேசிக்கொண்டிருந்தார்.

"குண்டு வந்துகீது மச்சான். நாளிக்கு குப்பத்துல எறக்கிடறேன். இன்னா, பத்தாதா? அடுத்த லோடுல தர்றேன், பேஜாரு பண்ணாத."

அவர் சொன்னது வலை நீரில் அமிழ்வதற்காக அடிக்கயிற்றில் கோக்கும் ஈயக் குண்டு. பள்ளியில் முப்பது வருடம் தமிழ் நடத்தியவன் நான். 'ஒரு சொல்லுக்கு எத்தனை பொருள்' என்று பிள்ளைகளைக் கேட்டவன். படியேறி அவரிடமே கேட்டிருக்கலாம். அவருக்கு வேறு பெயர் இருந்திருந்தால் கேட்டிருப்பேன். போனை எடுத்தேன்.

அவரையும் அவருடைய சரக்கு மூட்டையையும் போலீஸ் கொண்டுபோனது. மூட்டையில் இருப்பது ஈயம் என்று முதல் நாளே அவர்களுக்குத் தெரிந்துவிட்டது. ஆனாலும் மேலும் இரண்டு நாள் வைத்து, யார் யாரைத் தெரியும் என்று கேட்டார்கள். திரும்பி வந்தவர் அந்த வாரமே வீட்டைக் காலி செய்தார்.

போலீஸ் கேட்கத்தான் வேண்டும். அந்தச் சந்தையில் செத்தவர்களும் மனிதர்கள்தான். ஆனால் கேட்டு முடித்த பிறகும் அவர் பெயரைச் சந்தேக நபர்கள் பட்டியலிலிருந்து எடுக்கவில்லை. ஒவ்வொரு சுதந்திர தினத்துக்கு முன்பும், மாமல்லபுரத்துக்குப் பெரிய மனிதர்கள் வரும்போதும், அவர் ஸ்டேஷனில் நாள் முழுக்க உட்கார வேண்டியிருந்தது. குப்பத்தில் "இன்னா பாய், குண்டு வந்துகீதா?" என்று சிரித்தார்கள். சிலர் அவரிடம் வாங்குவதை நிறுத்தினார்கள்.

இரண்டு வருடம் கழித்துக் கடப்பாக்கம் போய், போன் செய்தது நான்தான் என்று சொன்னேன்.

"நீங்களா சார்? நான் உங்க வூட்டுக்கு எதிர்த்த டீக்கடைக்காரன்னு நெனச்சிகினு இருந்தேன். அவன்கிட்ட பேச்சையே வுட்டுட்டேன்."

தவறாகக் கேட்டுவிட்டேன், அவர் பெயரை நீக்குங்கள் என்று கையெழுத்திட்டு மேலதிகாரிக்கு மனு அனுப்பினேன். மனுவை விசாரிக்க, மூடிக் கிடந்த கோப்பைப் புதிதாகத் திறந்தார்கள். ஒரு மதியம் அவரே போன் செய்தார்.

"நல்லதுக்குத்தான் எழுதனீங்கோ சார். இனிமே எனக்காக எதுவும் எழுதாதீங்கோ. இப்ப, அன்னிக்கு போன்ல பேசன எம் மச்சானையும் கூப்ட்டுகினு போயிட்டாங்கோ."