எபேசு நகரத்துக் கூட்டமும் சோலையம்மாளின் வேலையும்

சோலையம்மாளுக்கு வேலை வாங்கித் தந்தது படிப்பு இல்லை, கழிவுக் காகிதம்.

பதினோரு வருஷத்துக்கு முந்தி, வெளிநாட்டில் எங்கோ மூடிப்போன, பாதிரியார்களுக்குப் பயிற்சி தருகிற ஒரு குருமடத்தின் நூலகம், பட்டாசுக் குழாய் உருட்டுகிற பழைய பேப்பரோடு கட்டுக்கட்டாகத் திருத்தங்கல் குடோனில் வந்து இறங்கியது. திருச்சபை வரலாறு, இறையியல், ஆயர்கள், அதாவது பிஷப்புகள், கூடிப் போட்ட தீர்மானங்கள். எல்லாம் தடி அட்டை, முதுகில் தங்க எழுத்து. குடோன் முதலாளி அய்யாதுரை, ஆமத்தூர்ப் பக்கம் ஒரு கல்லூரிக்கும் தாளாளர். அந்த வாரம் கல்லூரிக்கு ஆய்வுக்குழு வருகிறது. நூலகத்திலோ பாதி அலமாரி காலி. தங்க எழுத்தைப் பார்த்ததும் அய்யாதுரைக்குக் கல்வியின் மேல் பக்தி பொங்கிவிட்டது. லோடு அப்படியே கல்லூரிக்குப் போனது.

ஆய்வுக்குழு முதுகுகளை மட்டும் பார்த்து மெய்மறந்தது. 'அரிய வெளிநாட்டு ஆய்வு நூல்கள்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டது. பி.காமும் வேதியியலும் நடத்துகிற கல்லூரிக்கு இது எதற்கு என்று கேட்டிருக்கலாம். கேட்டால் மட்டன் பிரியாணி ஆறிவிடும்.

அரிய நூல் என்றால் தனிப் பிரிவு வேண்டும். தனிப் பிரிவு என்றால் ஓர் உதவியாளர் வேண்டும். அப்படித்தான் நூலகப் படிப்பு முடித்திருந்த சோலையம்மாள் மாடியில் தற்காலிகமாக உட்கார்ந்தாள். தற்காலிகத்துக்கு இது பதினோராவது வருஷம்.

அவள் அம்மா ராக்காயி ஏழாயிரம்பண்ணையில் பட்டாசு வேலைக்குப் போகிறவள்.

"ஒரு நாளைக்கு எம்புட்டுப் பேரு வருவாக?"

"யாரும் வர மாட்டாக."

"பெறகு நீ என்ன செய்வே?"

"உக்காந்திருப்பேன்."

"ஆத்தாடி, இதுக்கு ஒரு டிகிரியா!"

சும்மா உட்கார்ந்து பழக்கமில்லாத குடும்பம். ஆகவே சோலையம்மாள் செய்யக் கூடாத ஒன்றைச் செய்தாள். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, அந்தப் புத்தகங்களைப் படிக்க ஆரம்பித்தாள். இறையியல் பிடிபடவில்லை. ஆயர்கள் போட்ட சண்டை நன்றாகப் பிடிபட்டது.

இந்த ஜூனில் சுற்றறிக்கை வந்தது: ஐந்து வருஷமாக யாரும் எடுக்காத புத்தகங்கள் கழிக்கப்படும். அவள் பிரிவில் எடுக்கப்படாதவை ஆயிரத்து எண்ணூறு. மொத்தமே அவ்வளவுதான். புத்தகம் போனால் பிரிவு போகும். பிரிவு போனால் சோலையம்மாள் அம்மாவோடு பட்டாசு ஆலையின் காலை வேனில் ஏற வேண்டியதுதான்.

அவள் பதிவேட்டைத் தூக்கிக்கொண்டு கீழே இறங்கினாள். முதலில் மாட்டியவன் கல்லூரி பஸ் டிரைவர் இசக்கிப்பாண்டி.

"தம்பி, ரெண்டு புத்தகம் எடுத்துட்டுப் போலே."

"யக்கா, நான் பஸ் போர்டையே மனப்பாடமாத்தான் வச்சிருக்கேன்."

"உன்னைய யாருலே படிக்கச் சொன்னா? ஒரு கையெழுத்துப் போடு."

அவனுக்குச் சீட்டு பள்ளமாக இருந்தது. மோட்சம் பற்றிய இரண்டு பாகங்கள் கச்சிதமாகப் பொருந்தின. கேன்டீன் மாரித்தாய் பாவமன்னிப்பைத் தோசை மாவு வாளிக்கு மூடியாக்கினாள். வாட்ச்மேன் முனியராஜுக்குத் தலைக்கு வைக்க உயிர்த்தெழுதல் வாய்த்தது. அதில் தலை வைத்தால் அவர் எழுந்திருப்பதே இல்லை. இரண்டே மாதத்தில் அறுநூறு கையெழுத்து. சோலையம்மாள் நிம்மதியாக மூச்சு விட்டாள்.

ஆண்டறிக்கை அச்சாகி வந்தது. 'அதிகம் வாசிக்கப்பட்ட பிரிவு: கிறிஸ்தவ இறையியல்.'

அய்யாதுரை ஆளனுப்பிக் கூப்பிட்டார். நெற்றியில் அன்று வழக்கத்தைவிட அகலமாகத் திருநீறு.

"ஏம்மா, என் காலேஜை என்ன பண்ணிக்கிட்டு இருக்கே? டிரைவர் படிக்கான், வாட்ச்மேன் படிக்கான், மாவாட்டுறவ படிக்கா! ஊர்ப் பொங்கலுக்கு நான் எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுப் போவேன்? அடுத்த வாரம் காலேஜ் கமிட்டிக் கூட்டம் வேற. துணைத்தலைவரா இருக்கிற என் சித்தப்பா மவன் ராஜபாண்டியன், என்னைய இறக்க இது ஒண்ணு போதும்னு குதிப்பான்!"

படித்தார்கள் என்றால் வேலை போகும். படிக்கவில்லை என்றால் புத்தகம் போகும், பின்னாலேயே வேலையும் போகும்.

"அவுக யாரும் படிக்கலைங்கய்யா. நான் மட்டுந்தான் படிச்சேன்."

"நீயா? அதுல அப்படி என்னம்மா இருக்கு?"

"கமிட்டிக் கூட்டம் இருக்குங்கய்யா."

அய்யாதுரை நிமிர்ந்தார்.

"ஆயிரத்தறுநூறு வருசத்துக்கு முந்தி எபேசுன்னு ஒரு ஊரு. ரெண்டு கோஷ்டி ஆயருங்க. ஒரு கோஷ்டி வர்ற வழியில குதிரையெல்லாம் செத்துப்போச்சு, நேரமாயிருச்சு. முன்னால வந்தவுக காத்திருக்கல. கதவைச் சாத்திக் கூட்டத்தைப் போட்டு, எதிராளியப் பதவிய விட்டு எடுத்துட்டு, தீர்மானத்துல கையெழுத்தும் வாங்கிட்டாக. மத்தவுக வந்தப்போ எல்லாம் முடிஞ்சிருச்சு."

அய்யாதுரை நாற்காலியை மேஜைக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டார்.

"அது செல்லுச்சா?"

"இன்னைக்கு வரைக்கும் செல்லுதுங்கய்யா."

"அந்தப் புத்தகத்தை எடுத்துட்டு வா தாயி." பதிவேட்டில் அவரே கையெழுத்துப் போட்டார்.

அடுத்த வாரம் பத்து மணிக்குப் போட்டிருந்த கூட்டம் எட்டு மணிக்கே முடிந்தது. ராஜபாண்டியன் சரியாகப் பத்துக்கு வந்தார். காலி டீ டம்ளர்களையும், தன்னைத் துணைத்தலைவர் பதவியிலிருந்து நீக்கிய தீர்மானத்தையும் பார்த்தார். மறுநாள் மூச்சிரைக்க மாடியேறினார்.

"எங்க அண்ணாச்சி எந்தப் புத்தகத்தைப் பாத்து இதைச் செஞ்சாருன்னு சொல்லு. எனக்கும் அதேதான் வேணும்."

"அதை அவுக திருப்பித் தரலைங்கய்யா. ரெண்டாம் பாகம் இருக்கு. பிந்தி வந்தவுக தனியாக் கூட்டம் போட்டு, முந்தி வந்தவுகளையே எடுத்துருவாக."

"எத்தனை நாளைக்கு வச்சிக்கலாம்?"

"பதினஞ்சு நாளு."

அவருக்கு ஐந்து நாளே போதுமானதாக இருந்தது. சிவகாசிக் கல்யாண மண்டபம் ஒன்றில் சாப்பாட்டோடு நடந்த கூட்டம் அய்யாதுரையை நீக்கியது. இப்போது கல்லூரிக்கு இரண்டு தாளாளர்கள், இரண்டு ரப்பர் ஸ்டாம்ப், கோர்ட்டில் ஒரு கேசு. இருவருக்கும் ஆள்பலம் வேண்டும்; இருவரும் போட்டி போட்டுக்கொண்டு ஊழியர்களை நிரந்தரமாக்கினார்கள். சோலையம்மாளுக்கு ஒரே தபாலில் இரண்டு நிரந்தர ஆணைகள்.

"எதுண்ணே செல்லும்?" என்று அலுவலகத்துப் பாண்டிச்செல்வத்திடம் கேட்டாள்.

"கேசு முடியிற வரைக்கும் ரெண்டும் செல்லும். முடிஞ்சா எது செல்லும்னு எனக்கே தெரியாது."

எபேசில் எப்படி முடிந்தது என்று அவளுக்குத் தெரியும். பேரரசன் இரண்டு தீர்ப்பையும் ஏற்றுக்கொண்டு, இரண்டு பக்கத்துத் தலைவர்களையும் பிடித்துக் காவலில் வைத்தான். அது மூன்றாம் பாகம்.

சாயங்காலம் அய்யாதுரை போன் செய்தார். "அடுத்த பாகத்துல யாரும்மா ஜெயிக்கா?" கால் மணி கழித்து ராஜபாண்டியனும் அதையே கேட்டார்.

இருவருக்கும் ஒரே பதிலைத்தான் மரியாதையாகச் சொன்னாள்:

"அது பைண்டிங்குக்குப் போயிருக்குங்கய்யா. வர நாளாகும்."