சபாநாதன் மாஸ்டர் நிறுத்திய வரிசை

இத்தனை நாள் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும். சபாநாதன் மாஸ்டர் இறந்த செய்தி தெங்கேரா கடைத்தெருவில் எனக்குக் கிடைத்தது. சொன்னவர் எங்கள் பள்ளியின் மூத்த அறிவியல் ஆசிரியர். "ஞாயித்துக்கிழமை இரங்கல் கூட்டம் சார். நான்தான் பேசறேன்" என்றார்.

மாஸ்டரோடு வேலை பார்த்தவர்களுக்கும் அவரிடம் படித்தவர்களுக்கும் இதை எழுதுகிறேன். அவர் யாழ்ப்பாணத்துக்காரர், பௌதிகம் எடுத்தார். குறுக்கலையைக் கயிற்றை உதறிக் காட்டிவிட்டார். அலை முன்னே ஓடும். கயிறு மேலும் கீழும் ஆடும். நெட்டலைதான் பிள்ளைகளுக்குப் பிடிபடவில்லை. சுருள்கம்பி கேட்டார், பள்ளி வாங்கித் தரவில்லை. ஆகவே பையன்களைத் திடலில் ஒருவன் பின் ஒருவனாக நிறுத்தி, முன்னால் நிற்பவன் தோளில் கை வைக்கச் சொல்லி, கடைசிப் பையனை மெல்லத் தள்ளினார். தள்ளு தோள் தோளாக முன்னே போய்ச் சேர்ந்தது.

"தள்ளு போயிட்டுது. பொடியள் நிண்ட இடத்திலயே நிக்கிறாங்கள். விளங்குதோ?"

"எங்க எஸ்டேட் கேட்டுல தினமும் நடக்குது சார்," என்றான் ஒரு தோட்டத்துப் பையன். "காட்டுக்காரங்களுக்கு அரிசி கடத்துறோமான்னு சோதனை போடுறப்ப பின்னாடி ஒருத்தன் தள்ளுவான். முன்னாடி நிக்கிறவன் அடி வாங்குவான்."

மாஸ்டரும் சேர்ந்து சிரித்தார். "அதேதான்டா நெட்டலை."

காட்டில் ஒளிந்திருந்த கம்யூனிஸ்டுகளை ஒடுக்க வெள்ளைக்கார அரசு அறிவித்த அவசரகாலம் அது. வேலிக்கு வெளியே போன காவலர் ஒருவர், பையன்களுக்கு ஆயுதப்படைப் பயிற்சி நடக்கிறது என்று சொல்லிவிட்டார். அதிகாரி வந்து ஆசிரியர் அறையில் விசாரித்தார்: இது பாடத்தில் உள்ளதுதானா? மூத்தவர் தலை நிமிரவில்லை. "கயிறு போதும். வரிசை எதுக்குன்னு அவரைத்தான் கேக்கணும்." அவருக்கு நெட்டலை தெரியாமல் இல்லை. நான் பாடநூலைத் திறந்து நீட்டினேன். அதிகாரி புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. "உங்களுக்கு ஏன் சார் வம்பு? பேசாம இருங்க லா" என்றார் பக்கத்து மேசைக்காரர்.

மாஸ்டரை வெளியேற்றினார்கள். 'சொந்த விருப்பத்தில் விலகினார்' என்றது அறிவிப்புப் பலகை. புக்கிட் ரம்பாயில் வீட்டோடு பாடம் சொல்லிக்கொடுத்துப் பிழைத்தார். பார்க்கப் போன நான் மூத்தவரைத் திட்டித் தீர்த்தேன்.

"விடும் ஐசே," என்றார். "அவரையும் ஆரோ பின்னாலயிருந்து தள்ளியிருப்பினம்."

அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது இந்த வாக்கியம்தான். இன்றுவரை அதை என்னால் ஏற்க முடியவில்லை. ஏற்காமல் சுமந்தே அலுத்துவிட்டேன்.

மாஸ்டர் தானாக விலகவில்லை. தம் பாடத்தை நடத்தியதற்காக விலக்கப்பட்டார். கூட்டத்துக்கு முன் இது பத்திரிகையில் வரவேண்டும். என் பெயரைப் போட்டால், பதவி உயர்வு கிடைக்காதவனின் புலம்பல் என்று என்னைப் பற்றிப் பேசுவார்கள், அவரை மறந்துவிடுவார்கள். ஆகவே கையெழுத்திடாமல் தபாலில் போடுகிறேன். தள்ளு அந்தக் கூட்டத்தின் முன்வரிசை வரை போய்ச் சேர்ந்தால் போதும்.