குனிந்துகொண்ட ஹெட்லைட்

அந்த வெள்ளிக்கிழமை மாலை, ஸ்பிரிங்வெளிக்கு ஏறும் பாதையில், ஒரு குழியில் சக்கரம் இறங்கி ஏறியதும் என் காரின் ஹெட்லைட் இரண்டும் ஒன்றாகத் தலையைக் குனிந்துகொண்டன. அணையவில்லை, மங்கவுமில்லை, பளிச்சென்றுதான் எரிந்தன. ஆனால் வெளிச்சம் முழுவதும் பொனட்டுக்கு முன்னால் நாலு முழத் தாரிலேயே கொட்டிக் கிடந்தது. அதற்கு அப்பால் வெறும் பனி. டேஷ்போர்டில் நான் அதுவரை கண்டிராத மஞ்சள் விளக்கு ஒன்று எரிந்துகொண்டிருந்தது.

காரை ஓரங்கட்டிவிட்டு அதை நன்றாகத் திட்டினேன். வீட்டுக்காரர் கட்டாரில் இருக்கிறார். பதுளையில் கார் ஓட்டுவது, அதைக் கழுவுவது, அதோடு சண்டை போடுவது எல்லாம் நான் ஒருத்திதான். ஜப்பானில் யாரோ பத்திரமாக ஓட்டிவிட்டு நமக்கு அனுப்பிய வண்டி அது. அங்கே பிறந்த வண்டிக்கு நம்முடைய ஏற்றமும் பனியும் பிடிக்காமல் போனதில் ஆச்சரியமில்லைதான். அதற்காக வெள்ளிக்கிழமையைப் பார்த்தா பழிவாங்க வேண்டும்?

அப்பாவுக்கு போன் செய்தேன்.

"வேணாம் பாப்பா, அப்படியே திரும்பிப் போயிரு. இங்கயும் பனி கொட்டுது."

"மாவு பெசஞ்சிட்டீங்களா?"

"பெசஞ்சேன். பரவால்ல, காலைல சுட்டுத் தின்னுக்கிறேன். நீ மெதுவா போ."

எனக்கு நாற்பத்தைந்து வயதாகிறது. பள்ளிக்கூடத்தில் எட்டாம் வகுப்புக்குக் கணக்குப் படிப்பிக்கிறேன். என் குரலைக் கேட்டால் பக்கத்து வகுப்பும் சேர்ந்து அடங்கும். அப்பாவுக்கு மட்டும் நான் இன்னும் பாப்பாதான். கீழே போய்க்கொண்டிருந்த பஸ் ஒன்றின் சிவப்பு விளக்கைப் பிடித்துக்கொண்டு ஊர்ந்து ஊர்ந்து பதுளைக்கு வந்து சேர்ந்தேன். வரும் வழியெல்லாம் அந்தப் பிசைந்த மாவுதான் நினைவில் இருந்தது.

எங்கள் வெள்ளிக்கிழமையைப் பற்றிச் சொன்னால்தான் அந்த மாவின் அருமை விளங்கும். அம்மா போன பிறகு அப்பா ஸ்பிரிங்வெளி தேயிலைத் தோட்டத்து வீட்டில் தனியாக இருக்கிறார். தேயிலை பெக்டரியில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். பதுளைக்கு வாருங்கள் என்றால், "அங்க வந்து நான் யாரு மூஞ்சியப் பாக்குறது?" என்பார். என் மூஞ்சி கணக்கில் வராது போலிருக்கிறது. ஆகவே வெள்ளிக்கிழமை மாலை டியூஷன் வகுப்பு முடிந்ததும் நான் மேலே போவேன். அவர் ரொட்டி சுட்டு, பருப்பு வைத்து, தேங்காய்ச் சம்பல் அரைத்து வைத்திருப்பார். சாப்பிட்டு, இருவரும் ஊர்க்கதை பேசி, சனிக்கிழமை காலையில் ஒரு சாக்கு பேரிக்காயோ சவ்சவ்வோ டிக்கியில் ஏற்றிக்கொண்டு இறங்குவேன். வாரத்தில் எனக்கு யாரோ சமைத்துப் போடும் ஒரே சாப்பாடு அதுதான்.

இதில் ஒரே ஒரு இடைஞ்சல், வீட்டுக்குப் போகும் மண் பாதையைக் குறுக்கே வெட்டிக்கொண்டு ஓடும் ஒரு கான். மழைத் தண்ணீர் ஓடுவதற்காக வெட்டிய கான். அதைத் தாண்டும்போதெல்லாம் காரின் அடிவயிறு கல்லில் உரசி, கேட்பவர் பல்லெல்லாம் கூசும். அதனால் கொழுந்து நிறுக்கும் மடுவத்தின் பக்கத்திலேயே காரை நிறுத்திவிட்டு மிச்சத்தை நடந்து ஏறுவேன். அப்பா சும்மா இருப்பாரா? முழங்கால் வலியோடு, ஒரு கையில் குடை, மறு கையில் டோர்ச், மடுவம் வரை இறங்கி வந்து நிற்பார். என் பையையும் பிடுங்கிக்கொள்வார்.

ஒரு நாள் மழையில் அவர் வழுக்கி, தேயிலைச் செடியைப் பிடித்துக்கொண்டு நின்றதைப் பார்த்ததும் எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது.

"உங்கள யாரு கீழ வரச் சொன்னா? இந்தக் காரு மட்டும் ரெண்டு வெரக்கட ஒசரமா இருந்தா நான் பாட்டுக்கு வாசல்ல வந்து எறங்குவேன்ல!"

அப்பா இடுப்பில் கட்டிய சாரத்தில் ஒட்டிய சேற்றைத் தட்டிக்கொண்டு முன்னால் நடந்தார்.

அதற்குப் பிறகு வந்த ஒரு சனிக்கிழமை, நான் காலையில் இறங்காமல் தங்கி, மத்தியானச் சாப்பாட்டுக்குப் பின் அயர்ந்து தூங்கிவிட்டேன். எழுந்து பார்த்தால் காரைக் காணவில்லை. பக்கத்து வீட்டு ஆட்டோக்காரரிடம் சாவியைக் கொடுத்துக் கழுவ அனுப்பியிருக்கிறேன் என்றார் அப்பா. கார் வந்தது பொழுது சாய்ந்துதான். கழுவப்போன கார் போனதைவிடக் கூடுதலான புழுதியோடு திரும்பி வந்தது. "இதுதான் கழுவுன லட்சணமா?" என்று கேட்டேன். "தண்ணி இல்லயாம்" என்றார். பிறகு, யாரோ பக்கத்தில் நிற்பவருக்குச் சொல்வதுபோல, "கான்ல கல்லு அடுக்கிருக்கேன். அடுத்த வாரம் மேல கொண்டாந்து பாரு" என்றார்.

கொண்டுபோய்ப் பார்த்தேன். உரசவில்லை! கானில் உண்மையிலேயே நாலைந்து கல் ஒழுங்காக அடுக்கியிருந்தது. நான் அப்பாவின் கல் வேலையைப் புகழ்ந்து தள்ளினேன். அவர் வெட்கப்படுவதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். இரண்டு வெள்ளிக்கிழமை வாசலிலேயே போய் இறங்கினேன். மூன்றாவது வெள்ளிக்கிழமைதான் ஹெட்லைட் குனிந்துகொண்டது.

பதுளையில் எனக்குத் தெரிந்தவர்களில் பாதிப்பேர் ஆலோசனை சொன்னார்கள். லைட் கண்ணாடி மங்கியிருக்கும், பற்பசை போட்டுத் தேயுங்கள் என்றார் பக்கத்து வீட்டம்மா. தேய்த்தேன். கார் வாசனையாக இருந்தது. வெளிச்சம் இருந்த இடத்திலேயே இருந்தது. கடைசியில் நான் வழக்கமாகப் போகும் கராஜ்காரரிடம் போனேன். முஸ்லிம் வீடுகளில் அண்ணனை அழைப்பதுபோல அவரை நானா என்றுதான் கூப்பிடுவேன். அவருடைய மகள் என்னிடம் படித்தவள். என்னைக் கண்டதும் மனுஷர் இன்றைக்கும் மகளின் ரிப்போர்ட்டோடு வந்துவிட்டேனோ என்று ஒரு கணம் பயப்படுவார்.

நானா முதலில் பல்ப் இரண்டையும் மாற்றினார். புது பல்பும் அதே நாலு முழத் தாரைத்தான் பார்த்தது. லைட்டுக்குப் பின்னால் உயர்த்துகிற திருகு ஒன்று இருப்பது எனக்குத் தெரியும். அதைத் திருகி ஏற்றிவிடுங்கள் என்றேன்.

"ஏத்தலாம் டீச்சர். ஆனா இதுல லைட்ட ஏத்தி எறக்குறதுக்கு உள்ளுக்க மோட்டர் இருக்கு. அது திடீர்னு வேல செய்யத் தொடங்கினா லைட் வானத்தப் பாக்கும். எதிர்ல வாறவன் கண்ணு போயிரும். பொறுங்க, ஸ்கேனர் போட்டுப் பாப்போம்."

ஸ்கேனர் அவரிடம் இல்லை. பண்டாரவளையில் இருக்கும் ஒரு கூட்டாளியிடமிருந்து வர வேண்டும். அந்தக் கூட்டாளி இன்றைக்கு வருகிறேன், நாளைக்கு வருகிறேன் என்று இழுத்துக்கொண்டே போனார்.

அதற்குள் என் வெள்ளிக்கிழமைகள் ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருந்தன. சனிக்கிழமை பகலில் போய், தேத்தண்ணீர் குடித்து, இருட்டுவதற்குள் இறங்கிவிடுவேன். பகல் சாப்பாடும் அப்பாதான் சமைத்தார், ஆனாலும் அது வெள்ளிக்கிழமை ரொட்டி ஆகுமா? மூன்று மணிக்கே வாசலுக்கு வந்து வானத்தைப் பார்ப்பார். "பனி எறங்குது, கெளம்பு" என்பார். கிளம்பச் சொல்லிவிட்டு, காரை விட்டு அகலாமல் நிற்பார். மெலிந்துவிட்டதுபோல் தெரிந்தார். ஹெட்லைட்டைப் பற்றி மட்டும் ஓயாமல் விசாரிப்பார். "பெட்டரியா இருக்குமோ? வயர எலி கடிச்சிருக்குமோ?" என்று ஒவ்வொன்றின் மேலாகப் பழியைப் போட்டுக்கொண்டே இருந்தார். எனக்கு அந்த அக்கறை அப்போது கொஞ்சம் அதிகமாகவே பட்டது.

ஒரு வழியாக ஸ்கேனர் வந்து சேர்ந்தது. நானா அதைச் செருகிப் பார்த்துவிட்டு, "முன்னுக்குத் தேடுனது பிழை டீச்சர், கோளாறு பின்னுக்கு" என்றார். பின் சக்கரத்துக்குப் பக்கத்தில், காருக்கு அடியில், ஒரு சென்சர் இருக்கிறதாம். அதிலிருந்து ஒரு சின்னக் கை நீண்டு, ஒரு குட்டிக் கம்பியால் சக்கரத்தைத் தாங்கும் பாகத்தோடு இணைந்திருக்கும். டிக்கியில் பாரம் ஏற்றினால் காரின் பின்பக்கம் தாழும், மூக்கு நிமிரும். அந்தக் கை அதைக் கண்டு சொன்னதும் மோட்டர் லைட்டைத் தாழ்த்திவிடும். என் பேரிக்காய்ச் சாக்கைக்கூட ஒவ்வொரு சனிக்கிழமையும் அது கவனித்துக்கொண்டுதான் இருந்திருக்கிறது. அந்தக் கைக்கு ஏதாவது ஆனால், எதிரே வருபவர் கண்ணைக் கூசவைக்க வேண்டாம் என்று வண்டியே லைட்டை முழுவதும் குனியவைத்துவிடும்.

ஜாக் வைத்துத் தூக்கி, நானா அடியில் படுத்துப் பார்த்தார். குட்டிக் கம்பி முனையில் முறிந்து தொங்கியது. சென்சரின் கை திரும்பக் கூடாத பக்கம் திரும்பி இறுகியிருந்தது.

"எப்ப டீச்சர் கார ஒசத்துனீங்க?"

"நான் எங்க ஒசத்துனேன்?"

"ஸ்பிரிங்குக்கு மேல ரப்பர் கட்ட வச்சிருக்கே. புதுசு. கார் ஒசந்ததும் கம்பிக்கு நீளம் பத்தல. இழுத்து இழுத்துக் குழியில விழுந்தப்ப ஒடஞ்சிருச்சு."

எனக்கு வந்ததே கோபம். என் காரில் என்னைக் கேட்காமல் கட்டை வைத்தது யார்? கடைசியாகக் கை வைத்தது நீங்கள்தானே என்று நானாவிடமே பாய்ந்தேன். பாவம், அவர் கையை உயர்த்திக்கொண்டு, "அல்லாஹ்வே, என் கராஜுல இந்தக் கட்டையே இல்ல டீச்சர்" என்றார். நான் குனிந்து பார்த்தேன். ஸ்பிரிங்கின் தலையில் கறுத்த ரப்பர். அதன் விளிம்பெல்லாம் செம்மண் புழுதி.

அந்தப் புழுதியைப் பார்த்ததும்தான் கழுவப்போன கார் நினைவுக்கு வந்தது. தண்ணி இல்லயாம். கானில் அடுக்கிய கல். புகழ்ந்தபோது திருப்பிக்கொண்ட முகம். பெட்டரி, எலி. என் அப்பா ஒரு பொய்யை மறைக்க முழங்கால் வலியோடு கல் வேறு சுமந்திருக்கிறார்! மகள் வாசலில் வந்து இறங்கவேண்டும் என்று செய்த காரியம், மகளை வெள்ளிக்கிழமைகளில் வரவே விடாமல் ஆக்கிவிட்டது. அதையும் தெரிந்துகொண்டோ தெரியாமலோ மூன்று மணிக்கே என்னைக் கிளம்பச் சொல்லிக்கொண்டு நின்றிருக்கிறார். நானாவின் கராஜில் நின்று நான் சிரித்தேன். சிரித்துக்கொண்டிருக்கும்போதே கண் நிறைந்துவிட்டது. நானா பதறிப்போய், "கழட்டிருவோம் டீச்சர், பெரிய வேல இல்ல, பழைய மாதிரியே ஆக்கிருவோம்" என்றார்.

"கழட்டாதீங்க நானா. கட்ட இருக்கட்டும். அது இருந்தாலும் லைட் சரியா பாக்கணும். அதுக்கு என்ன செய்யணுமோ செய்ங்க."

நானா தலையைச் சொறிந்தார். பிறகு, ஜப்பானிலிருந்து வந்த பழைய சாமான் விற்கும் கடையில் அதே சென்சரைத் தேடிப் பிடித்தார். முறிந்த கம்பிக்குப் பதிலாக, காரின் புது உயரத்துக்கு ஏற்ற நீளத்தில், நீட்டவும் குறுக்கவும் முடிந்த கம்பி ஒன்றைப் பொருத்தினார். அத்தோடு முடியவில்லை. இதுதான் உன் சரியான நிலை என்று ஸ்கேனரால் சென்சருக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும்; அதற்குக் கார் சமதரையில் நிற்க வேண்டும். பதுளையில் சமதரைக்கு எங்கே போவது? ஒரு முழத்துக்கு ஒரு சரிவு உள்ள ஊர் இது. கடைசியில் ஒரு நெல் ஸ்டோரின் சிமெந்து முற்றம் கிடைத்தது. டிக்கியைக் காலி செய்து, சுவரில் சோக்கால் கோடு போட்டு, லைட்டைப் போட்டோம். மோட்டர் மெல்ல உறுமியது. குனிந்து கிடந்த வெளிச்சம் சுவரில் ஏறி, சோக்குக் கோட்டுக்குச் சற்றுக் கீழே வந்து நின்றது. வகுப்பில் கடைசி வாங்கில் உட்காரும் பிள்ளை சரியான விடை சொன்னதுபோல் எனக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

அடுத்த வெள்ளிக்கிழமை வருகிறேன் என்று மட்டும் அப்பாவிடம் போனில் சொன்னேன். மற்றது எதையும் சொல்லவில்லை. கட்டையைப் பற்றி இத்தனை நாளும் திறக்காத வாயை இப்போதாவது திறப்பாரா என்று பார்க்கும் ஆசை.

பனி இருந்தது. ஆனால் வெளிச்சம் பாதையின் வளைவு வரை போய், தேயிலைச் செடிகளின் ஓரத்தைக் காட்டிக்கொடுத்தது. மடுவத்தைத் தாண்டினேன். கானைத் தாண்டினேன், உரசவில்லை. வாசலில் அப்பா தோளில் துண்டோடு நின்றார். அடுப்பிலிருந்து ரொட்டி வாசம் வந்தது.

"லைட் நல்லா அடிக்குதே! என்னாவாம் கோளாறு?"

"பின்னுக்கு ஒரு சென்சர் ஒடஞ்சிருந்துச்சாம். மாத்தியாச்சு."

"ஓ… அப்படியா" என்றவர், எதையோ கீழே போட்டுவிட்டவர்போலக் காருக்குப் பின்னால் போனார். டோர்ச்சை அடித்தார். வலிக்கும் முழங்காலைப் பிடித்துக்கொண்டு குனிந்து, பின் சக்கரத்துக்குள் எட்டிப் பார்த்தார்.

"இருக்குப்பா" என்றேன். "கழட்டல."

அவர் உடனே நிமிரவில்லை. டிக்கியில் கையை ஊன்றிக்கொண்டு மெதுவாக எழுந்தார். என் முகத்தைப் பார்க்காமல் டோர்ச்சை அணைத்தார்.

"நீ ரெண்டு வெரக்கடதான் கேட்ட. ஆட்டோக்காரங்கிட்ட ஒன்றர வெரக்கட கட்டதான் இருந்துச்சு பாப்பா. மிச்சத்துக்குத்தான் கல்லு போட்டேன்."