சந்தன நிறச் சீலை

மொன்றியலின் டோர்வல் விமான நிலையத்தில், விமானங்களுக்குச் சாப்பாடு அடுக்கும் இடத்தில் எனக்கு வேலை. ஒரு தட்டுக்கு ஒரு துண்டுப் பாண், ஒரு வெண்ணெய்க்கட்டி, ஒரு சலாட், ஒரு கேக் துண்டு. நாள் முழுக்கக் குளிர் அறைக்குள் நின்று இதைத்தான் செய்கிறோம். எல்லாருக்கும் வெள்ளைக் கோட்டு, தலைக்கு வலை. அதற்குள் யார் கட்டினவள், யார் கட்டாதவள், யார் தாலி அறுத்தவள் என்று ஒருவருக்கும் தெரியாது. அந்த ஒரு காரணத்துக்காகவே எனக்கு அந்த வேலை பிடிக்கும்.

என் பக்கத்தில் நிற்பவள் கமரூன்காரி. என்னைவிட நன்றாக இளையவள். அக்கா என்ற சொல்லை நான்தான் அவளுக்குப் பழக்கிவிட்டேன், மற்றதெல்லாம் பிரெஞ்சு. என்னுடைய பிரெஞ்சு நொண்டிப் பிரெஞ்சு. ஆனாலும் அவள் சொல்வது எனக்குள் வந்து விழும்போது எங்கள் ஊர்ப் பேச்சாகத்தான் விழுகிறது. அப்படியே எழுதுகிறேன்.

போன பனிக்காலத்தில் அவளுடைய கணவர் திடீரென்று இறந்துபோனார். ஒரு கிழமை கழித்து அவள் வேலைக்கு வந்தபோது தலை மொட்டையாக இருந்தது. கோட்டுக்குள் கறுப்புச் சட்டை. மற்றவர்கள் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தார்கள். எனக்கு அப்படி இருக்க வராது. சாப்பாட்டு நேரத்தில் பக்கத்தில் போய் இருந்து, "ஆர் மழிச்சது?" என்று கேட்டேன்.

"நான்தான். மகன்ரை தலைமயிர் வெட்டுற மெஷினாலை, குளியலறைக்குள்ளை."

அவளுடைய ஆட்களிடம் புருஷன் செத்தால் ஒரு வருஷம் கறுப்பாம். புருஷனின் சகோதரிகள் வந்து தலையை மழிப்பார்களாம். பாயில்தான் படுக்க வேண்டுமாம். வருஷம் முடிந்ததும் மச்சான்மார் கூடி, இவளை இனி யார் பொறுப்பெடுப்பது என்று பேசுவார்களாம். அவளுடைய அம்மா அப்படி இருந்தவர். அவளுடைய தமக்கையும் இருந்து, கடைசியில் புருஷனின் தம்பிக்கே மனைவியாகிப் போனவள். இப்போது இவளையும் ஊருக்கு வா, வந்து முறைப்படி இரு என்று ஒவ்வொரு ஞாயிறும் தொலைபேசியில் கூப்பிடுகிறார்கள்.

"என்னைப் பொறுப்பெடுக்க நான் என்ன, அந்த மனுசன் விட்டிட்டுப் போன சைக்கிளோ?" என்று கேட்டுச் சிரித்தாள். சிரித்த கையோடு அழுதாள். "வேலைக்குப் போறது நான். வாடகை கட்டுறது நான். நான் ஏன் அவையளுக்கு முன்னாலை நிலத்திலை இருக்கவேணும்? ஆனா அவர் நல்லவர், அக்கா. அவருக்காகக் கறுப்புப் போடுவன். எப்ப கழட்டுறது எண்டதை மட்டும் நான் முடிவெடுப்பன்."

அந்தத் துணிச்சலைக் கேட்க எனக்குப் பொறாமையாக இருந்தது. உள்ளதைச் சொன்னால், கொஞ்சம் எரிச்சலாகவும் இருந்தது.

கோடை வந்தது. ஒருநாள் கேக் துண்டுகளை அடுக்கிக்கொண்டே சொன்னாள்: "அக்கா, வருஷம் ஆகேல்லை, ஆனா வாற சனிக்கிழமை என்ரை கறுப்பை முடிக்கப்போறன். நீங்கள் வரவேணும். நீங்கள்தான் கழட்டவேணும்."

"நானோ? நீயே கழட்டன்."

"நானே கழட்டினால் அது உடுப்பு மாத்துறது. வேறை ஒருத்தி கழட்டவேணும். அவளும் புருஷன் செத்தவளா, தன்ரை துக்கத்தை முடிச்சவளா இருக்கவேணும். ஒட்டாவாவிலை ஒரு மச்சாள் இருக்கிறா, அவ வரமாட்டன் எண்டிட்டா. எனக்கு நீங்கள்தான்."

நான் ஓம் என்றேன். நன்மை தீமைக்கு என்னை யாரும் முன்னுக்குக் கூப்பிட்டு எவ்வளவு காலம்! இவள் கூப்பிடுகிறாள், அதுவும் நான் விதவை என்பதற்காகவே கூப்பிடுகிறாள். வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் எனக்கு அதே நினைப்பாக இருந்தது.

என் கதையைச் சொல்ல அதிகம் இல்லை. மகள் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த காலத்தில் என் கணவர் இறந்துபோனார். பொட்டை விட்டேன், பூவை விட்டேன், நிறங்களை விட்டேன். விடு என்று ஒருவரும் சொல்லவில்லை. வேண்டாம் என்றும் ஒருவரும் சொல்லவில்லை. மகளின் கலியாணத்தில் அவருடைய தம்பியும் மனைவியும் தாரை வார்த்துக் கொடுத்தார்கள். நான் மண்டபத்துச் சமையலறையில் நின்று பாயசம் எல்லாருக்கும் காணுமா காணாதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அதற்கு முதல் கிழமை மகள் எனக்கென்று ஒரு சீலை வாங்கிக்கொண்டு வந்தாள். சந்தன நிறம், அதிலும் வெளிறின சந்தனம். நான் பெற்ற பிள்ளையே என் இடம் எது என்று சொல்லிவிட்டாள் என்று நினைத்தேன். நல்லாயிருக்கு பிள்ளை என்று சொல்லி வாங்கி வைத்தேன். கலியாணம் முடிந்து அவள் ரொறன்ரோவுக்குப் போனாள். நோத்ர-டாம்-த-கிரேஸ் பகுதி வீட்டில் நானும் என் குளிர்சாதனப் பெட்டியின் சத்தமும் மிஞ்சினோம்.

சனிக்கிழமை அந்தச் சந்தன நிறச் சீலையைத்தான் உடுத்தேன். செத்தவீட்டுக் காரியம் என்றுதானே நினைத்தேன்! காலையில் முழுகி, மச்சம் மாமிசம் தொடாமல், மரக்கறி பிரட்டி ஒரு சட்டியில் எடுத்துக்கொண்டு, முகத்தையும் அதற்குத் தக்கபடி துக்கமாக வைத்துக்கொண்டு போனேன். கோட்-டெ-நேஜ் பக்கத்தில் ஒரு தேவாலயத்தின் கீழ்மண்டபம். கதவைத் திறந்தால் ஒரே பாட்டும் கூத்தும். பொரித்த மீன் மணம், வாழைக்காய்ப் பொரியல் மணம். பெண்கள் எல்லாரும் ஒரே துணியில், நீலத்தில் மஞ்சள் குருவி போட்ட துணியில், சட்டை தைத்துத் தலைக்கும் கட்டியிருந்தார்கள். நடுவில் கறுப்பு உடுப்போடு ஒருத்தி. வாசலில் வெளிறின சீலையோடும் மரக்கறிச் சட்டியோடும் இன்னொருத்தி.

அங்கே எல்லாவற்றையும் நடத்திக்கொண்டு நின்றவர் ஒரு பெரிய அம்மா. முதியோர் இல்லத்தில் வேலை செய்து ஓய்வு பெற்றவராம். அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"நீ இன்னும் துக்கத்திலையோ? உன்ரை புருஷன் எப்ப செத்தது?"

சொன்னேன். அவர் நான் சொன்ன வருஷத்தைத் திருப்பிக் கேட்டார். என் பிரெஞ்சில் பிழை என்று நினைத்தார் போல. பிழை இல்லை.

"அப்ப உன்ரை துக்கத்தை ஆர் முடிச்சு வைச்சது?"

முப்பத்தோராம் நாள் செத்தவீட்டுத் துடக்குக் கழிப்போம், ஆனால் பெண்ணுக்கு இது முடிகிறதில்லை, எங்களுக்கு அப்படி ஒரு நாளே இல்லை என்று தெரிந்த மட்டில் விளங்கப்படுத்தினேன். அவர் மற்றப் பெண்களிடம் திரும்பி ஏதோ சொன்னார். பிறகு என்னிடம் மெதுவாக, "உன்னை மறந்துபோட்டினம், பிள்ளை" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தலையை மொட்டையடித்துப் பாயில் படுக்க வைக்கிறவர்கள் எனக்கு இரக்கம் காட்டுகிறார்களா? "எங்கடை ஆக்கள் என்னை ஒண்டும் கட்டாயப்படுத்தேல்லை" என்றேன்.

"பின்னை ஆர் கட்டாயப்படுத்தினது?"

சொந்தக்காரரை ஒவ்வொருவராக நினைத்துப் பார்த்தேன். சொல்ல ஒரு ஆள் கிடைக்கவில்லை.

இப்போது சிக்கல் என்னவென்றால், தன் துக்கத்தை முடிக்காதவள் இன்னொருத்திக்குக் கழட்ட முடியாது. என் தோழி என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். அன்றைக்குக் கழட்டாவிட்டால், குறித்த நாள் தவறிவிட்டது, இனி ஊருக்கு வந்து கழட்டு என்று ஒட்டாவா மச்சாள் சொல்லுவாள் என்பது இரண்டு பேருக்கும் தெரியும். அங்கே துக்கம் முடித்த விதவைகள் வேறு இருந்தார்கள். பெரிய அம்மாவே ஒருத்திதான். அவர்களைக் கேள் என்றேன். அவள் மாட்டேன் என்று தலையாட்டினாள்.

"முதலிலை அக்காவுக்குக் கழட்டுங்கோ" என்றாள். "பேந்து அக்கா எனக்குக் கழட்டட்டும்."

மடிப்புக் கதிரைகள் அடுக்கியிருந்த ஒரு சின்ன அறைக்குள் என்னைக் கூட்டிக்கொண்டு போனார்கள். சீலை கழட்டத் தெரிந்தவர் ஒருவரும் இல்லை. பெரிய அம்மா ஒரு பக்கம் இழுக்க, தோளில் குத்தியிருந்த ஊசி மறுபக்கம் இழுத்தது. எத்தனை ஊசியடி குத்தியிருக்கிறாய் என்று கேட்டுச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். கடைசிக் கொய்யக மடிப்பும் கழன்று விழுந்தது. ஒரு பெண்ணின் கை என் மேலில் பட்டே எத்தனையோ வருஷமாகியிருந்தது. பெரிய அம்மா தண்ணீரால் என் முகத்தைத் துடைத்துவிட்டு, "முடிஞ்சுது" என்றார். அவ்வளவுதான். மந்திரமும் இல்லை, மேளமும் இல்லை. நான் குழந்தை மாதிரி அழுதேன். ஒட்டாவா மச்சாளுக்கென்று தைத்து வைத்திருந்த குருவிச் சட்டையை எனக்குப் போட்டுவிட்டார்கள். அந்த மச்சாள் நல்ல உடம்புக்காரி போல, எனக்குத் தோள் இரண்டும் வழிந்தது.

பிறகு நான் என் தோழியின் கறுப்பைக் கழட்டினேன். முதுகில் பொத்தான்கள். ஒவ்வொன்றாகக் கழட்டினேன். அவள் தன் புருஷனின் பெயரைச் சொல்லி ஒரு தரம் கத்தி அழுதாள். பிறகு குருவிச் சட்டையைப் போட்டுக்கொண்டு ஆடப் போனாள்.

கழட்டினதைத் திரும்ப வீட்டுக்குக் கொண்டுபோகக் கூடாதாம். அவளுடைய கறுப்பையும் என்னுடைய சந்தனத்தையும் ஒரே குப்பைப் பையில் போட்டுக் கட்டினார்கள். நான் தடுக்கவில்லை.

மெட்ரோவில் கோயிலில் காணும் ஒரு தமிழ்ப் பெண் எதிரே இருந்தாள். என்னைப் பார்த்தாள், சட்டையைப் பார்த்தாள், யாரோ வேற்றாள் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நானும் கூப்பிடவில்லை. வீட்டுக்கு வந்தபோது வெயில் இன்னும் இருந்தது. கண்ணாடிக்கு முன்னால் போய் நின்றேன். நல்லாயிருக்கு என்றோ கண்றாவி என்றோ சொல்ல வீட்டில் ஒரு ஆள் இல்லை.

மகள் வீடியோவில் கூப்பிட்டாள்.

"அம்மா! என்ன இது? சரியான வடிவு! உங்களுக்கு நிறமெல்லாம் பிடிக்காதெண்டெல்லோ நான் நினைச்சன்."

"ஆர் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. நான் சின்னனிலை இருந்து நீங்கள் அந்த மங்கல் நிறம்தானே உடுத்தனீங்கள். என்ரை கலியாணத்துக்கு அந்தச் சந்தனக் கலருக்கு எத்தினை கடை ஏறி இறங்கினன்! கடைக்காரன் சிவப்பைக் காட்டுறான், பச்சையைக் காட்டுறான். இல்லை, என்ரை அம்மாவுக்கு இதுதான் விருப்பம் எண்டு சண்டை பிடிச்செல்லோ வாங்கினன். அது கவனமா இருக்கோ?"

"ஓம், இருக்கு" என்றேன். அது ஒரு தேவாலயத்துக்குப் பின்னால் குப்பைப் பைக்குள் கிடந்தது.

"அப்ப உங்களுக்கு உண்மையா என்ன கலர் பிடிக்கும்? சொல்லுங்கோ, தீபாவளிக்கு வாங்கி அனுப்புறன்."

சொல்ல வாயெடுத்தேன். ஒரு நிறமும் வரவில்லை. மகள் திரையில் காத்துக்கொண்டிருந்தாள்.

"பேந்து சொல்லுறன், பிள்ளை" என்றேன்.

தீபாவளி நெருங்கிவிட்டது. அவளும் இரண்டு தரம் கேட்டுவிட்டாள். எனக்கு இன்னும் தெரியவில்லை.